காவலுக்கும் கணக்கு வேண்டும்

(கல்விச் சங்க வெள்ளி விழாக் கருத்தரங்கில் ஆற்றிய உரை)

 

நம் சமுதாயத்தார் தாமே கூடிச் சிறுதொகை சேர்த்துத் தொடங்கிய சங்கம் இருபத்தைந்து ஆண்டுகள் நிலைத்து நிற்பது எளிய செயலன்று. இந்நன்னாளில், “நாட்டுப் பாதுகாப்பு அமைப்புகளும் மக்கள் பணமும்” என்னும் பொருள்பற்றிப் பேசுமாறு பணிக்கப்பட்டுள்ளோம். இது தில்லியில் இருப்போர் பேசவேண்டிய பொருளன்றோ, ஆரணியில் ஒரு கல்விச் சங்கத்தின் மேடைக்கு இது எதற்கு என்று சிலர் எண்ணக்கூடும். அவ்வாறு எண்ணுவோர்க்கு நம் நகரத்து வழக்கம் ஒன்றை நினைவூட்ட விரும்புகிறோம்.

பட்டு நெய்யும் இந்நகரில் நெசவாளரிடம் நூலையும் சரிகையையும் நிறுத்துக் கொடுக்கிறார்கள். நெய்து முடித்த சேலையையும் நிறுத்தே வாங்குகிறார்கள். எடை குறைந்தால் காரணம் சொல்ல வேண்டும். சொல்ல இயலாவிடில் கூலியில் பிடித்தம் உண்டு. நம் பிள்ளைகள் கல்லூரியில் உதவித்தொகை பெறவேண்டுமானால் சாதிச் சான்றிதழ், வருமானச் சான்றிதழ், வருகைச் சான்று என்று ஒவ்வொன்றாகக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். 1975-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டத்தின்கீழ் வாழும் நம் சங்கமும் ஆண்டுதோறும் தணிக்கை செய்த கணக்கைப் பதிவாளரிடம் அளிக்கின்றது. இவையெல்லாம் முறையே. பொதுப் பணத்தைத் தொடுகின்றவர் கணக்குக் கொடுக்கக் கடமைப்பட்டவர். அவ்வாறாயின், கோடிக்கணக்கான ரூபாயைப் பெறுகின்ற உளவு அமைப்புகள் யாரிடம் கணக்குக் கொடுக்கின்றன? இதனைக் கேட்கும் உரிமை தறிமுன் அமர்ந்திருப்பவருக்கும் உண்டு. அவர் தீப்பெட்டி வாங்கினாலும் வரி செலுத்துகின்றார்.

அண்ணல் வகுத்த நெறி

பாபாசாகேப் டாக்டர் அம்பேத்கரைச் சட்ட மேதையாக நாம் அறிவோம். அவர் அடிப்படையில் பொருளியல் அறிஞர் என்பதைப் பலர் மறந்துவிடுகின்றனர். 1923-இல் ரூபாயின் சிக்கல் பற்றியும், 1925-இல் பிரிட்டிஷ் இந்தியாவின் மாகாண நிதி வளர்ச்சி பற்றியும் நூல்கள் வெளியிட்டவர் அவர். ஆட்சியாளர் கையில் பணம் எவ்வாறு வருகின்றது, எவ்வாறு போகின்றது என்பதை ஆய்ந்தவர்.

அந்த அறிவோடுதான் அவர் அரசியல் நிர்ணய சபையில் அமர்ந்தார். 1949 மே 30-ஆம் நாள் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர் பதவி பற்றிய விவாதம் நடந்தபோது, அரசியலமைப்பில் மிக முக்கியமான அலுவலர் அநேகமாக இவரே என்றும், நீதித்துறையின் கடமைகளைவிட இவருடைய கடமைகள் முக்கியமானவை என்றும் அவர் எடுத்துரைத்தார். நாடாளுமன்றம் எதற்காகப் பணம் வழங்கியதோ அதற்கே அது செலவாயிற்றா, வழங்கிய அளவை மீறிற்றா என்று பார்ப்பவர் அவர் ஒருவரே என்பது அண்ணல் காட்டிய காரணம்.

இந்நெறியை நமக்குரிய ஒரு செய்தியோடு பொருத்திப் பார்ப்போம். தில்லியில் தாழ்த்தப்பட்டோர்க்கான துணைத் திட்டத்தில் ஒதுக்கிய பணத்தில் 700 கோடி ரூபாய்க்கு மேற்பட்ட தொகை 2010-ஆம் ஆண்டுக் காமன்வெல்த் விளையாட்டுப் பணிகளுக்குத் திருப்பிவிடப்பட்ட செய்தி எவ்வாறு வெளிவந்தது? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்வழி ஆவணங்களைக் கேட்டுப் பெற்றமையால் வெளிவந்தது. அதன்பின் நாடாளுமன்றத்தில் கேள்வி எழுந்தது. அமைச்சரும் ஒப்புக்கொள்ள நேர்ந்தது. கணக்கு திறந்திருந்ததால் களவு தெரிந்தது. கணக்கு மூடியிருக்கும் இடத்தில் என்ன நடக்கின்றது என்பதை எவ்வாறு அறிவது?

மூடிய பக்கம்

மைய அரசின் வரவு செலவுத் திட்டத்தில் உளவுப் பணியகமாகிய ஐ.பி.க்கு உள்துறை அமைச்சகத்தின்கீழ் தொகை ஒதுக்கப்படுகின்றது. 2025-26-ஆம் ஆண்டுத் திட்டத்தில் அது 3,800 கோடி ரூபாய்க்கு மேல். இவ்வளவேனும் நமக்குத் தெரிகின்றது. வெளிநாட்டு உளவு அமைப்பாகிய ‘ரா’வுக்கு எவ்வளவு என்பது தனியே அச்சிடப்படுவதில்லை. தேசியப் பாதுகாப்பு மன்றச் செயலகத்திற்கு 2016-17 திட்டத்தில் சுமார் 33 கோடியாக இருந்த ஒதுக்கீடு, அடுத்த ஆண்டில் சுமார் 333 கோடியாயிற்று. எண் அச்சில் இருக்கின்றது. அப்பணம் எதனை வாங்கிற்று என்பதை நம்மால் காண இயலாது.

ஊதியம், கட்டடம் போன்ற வழக்கமான செலவுகள் தணிக்கைக்கு உட்பட்டவையே. ‘இரகசியப் பணிச் செலவு’ என்று தனித்தலைப்பு ஒன்று உண்டு. அதன் முறை வேறு. அத்தலைப்பில் பணம் பெறும் அதிகாரி தமக்குள் பதிவேடு வைத்துக்கொள்வார். அவர்க்கு மேலுள்ள அதிகாரி ஒருவர் ஆண்டுக்கு ஒரு முறையேனும் அதனைப் பார்த்து, பணம் உரிய நோக்கத்திற்கே செலவாயிற்று என்று சான்றிதழ் எழுதுவார். அச்சான்றிதழைத் தணிக்கைத் துறை ஏற்றுக்கொள்ளும், பற்றுச்சீட்டைக் கேட்பதில்லை. நம் மாணவனின் உதவித்தொகைக்குச் சான்றிதழ்கள் பல. இச்செலவுக்கோ அத்துறையார் தமக்குத்தாமே எழுதிக்கொள்ளும் சான்றிதழ் ஒன்றே போதும்.

சட்டத்தின் நிலை என்ன? உளவுப் பணியகத்தின் தோற்றம் 1887-இல், இலண்டனிலிருந்த இந்திய அமைச்சரின் ஒப்புதலோடு பிறந்த நிருவாக ஆணையில் இருக்கின்றது. ‘ரா’ 1968 செப்டம்பரில் தோன்றியதும் நிருவாக ஆணையாலேயே. அரசியலமைப்பின் ஏழாம் அட்டவணையில், மைய உளவு மற்றும் புலனாய்வுப் பணியகம் பற்றிச் சட்டம் இயற்றும் அதிகாரம் நாடாளுமன்றத்திற்கு வழங்கப்பட்டிருக்கின்றது. 1949-இல் உறுப்பினர்கள் ஐயம் எழுப்பியபோது, அப்பணியகம் செய்தி திரட்டலாமேயன்றிக் குற்றப் புலனாய்வு காவல் துறைக்கே உரியது என்று அண்ணல் அம்பேத்கர் விளக்கினார். ஆயினும், உளவுப் பணியகத்தின் அதிகாரம் எது, எல்லை எது என்று கூறும் சட்டத்தை நாடாளுமன்றம் இதுவரை இயற்றவில்லை.

1985-இல் இவ்வமைப்புகளைக் குறித்து ஒரு சட்டம் வந்தது. அதன் பெயர் உளவு அமைப்புகள் உரிமைக் கட்டுப்பாட்டுச் சட்டம். யாருடைய உரிமைக்குக் கட்டுப்பாடு? அங்கே பணிபுரியும் ஊழியர்கள் சங்கம் சேர்வதற்கும் பத்திரிகைகளோடு பேசுவதற்கும் கட்டுப்பாடு. அமைப்பின் அதிகாரத்திற்கு அச்சட்டம் எல்லை வகுக்கவில்லை.

2005-ஆம் ஆண்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டமும் 24-ஆம் பிரிவின்வழி உளவு அமைப்புகளுக்கு விலக்களித்தது. அதே பிரிவைக் கொண்டு தமிழக அரசு 2008-இல் இலஞ்ச ஒழிப்புத் துறைக்கும், மைய அரசு 2011-இல் சி.பி.ஐ.க்கும் விலக்களித்தன. எல்லைக் காவலுக்கென்று தொங்கவிட்ட திரை, இலஞ்சம் பற்றிய கோப்பையும் மறைக்கும் அளவிற்கு நீண்டது. ஆயினும் ஊழல், மனித உரிமை மீறல் பற்றிய செய்திகளுக்கு அவ்விலக்குப் பொருந்தாது என்று அப்பிரிவே கூறுகின்றது. நம் இளைஞர்கள் இதனை நினைவிற் கொள்ள வேண்டும்.

சுமை யார்மீது?

கேள்வியற்ற கண்காணிப்பின் சுமையை முதலில் சுமப்போர் எளியோரே. 1871-இல் பிரிட்டிஷார் குற்றப் பரம்பரைச் சட்டம் இயற்றினர். 1911-ஆம் ஆண்டுச் சட்டத்தின்வழி அது சென்னை மாகாணத்திற்கும் வந்தது. ஒரு குலத்தில் பிறந்தமையே குற்றத்திற்கு அடையாளமாகக் கொள்ளப்பட்டது. பெயரைப் பதிந்து, கைரேகை வைத்து, அதிகாரி முன் ஆஜராகி வாழவேண்டியிருந்தது. சென்னை மாகாணத்தில் 1947-இலும் நாடு முழுமைக்கும் 1952-இலும் அது நீங்கிற்று. சட்டம் நீங்கினும் பதிவேட்டின் மனப்பான்மை நீங்கவில்லை.

உத்தரப் பிரதேசத்தில் கரக் சிங் என்பவர் கொள்ளை வழக்கொன்றில் சான்றில்லாமையால் விடுவிக்கப்பட்டார். ஆயினும் காவல் துறை அவர் பெயரில் குற்றச் சரித்திரப் பதிவேடு திறந்து, நள்ளிரவில் வீட்டுக் கதவைத் தட்டி வந்தது. 1962-இல் உச்ச நீதிமன்றம் அந்த இரவு நுழைவைச் சட்டத்திற்கு மாறானது என்று தீர்த்தது. அறுபது ஆண்டுகளுக்குப் பின்னர், 2024 மே மாதத்தில் அதே நீதிமன்றம், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர் போன்ற பின்தங்கிய பிரிவினரின் பெயர்கள் அத்தகைய பதிவேடுகளில் இயந்திரம்போல ஏற்றப்படாமல் இருக்க, மாநிலங்கள் தம் விதிகளை மறுஆய்வு செய்யவேண்டும் என்று கூற நேர்ந்தது.

அரசு வேலைக்கு முன் நடைபெறும் காவல் துறை விசாரணை நம் பிள்ளைகள் அனைவரும் கடக்க வேண்டிய வாயில். மத்தியப் பிரதேசத்தில் நகராட்சிப் பள்ளியொன்றை அரசு ஏற்றபோது, அதன் ஆசிரியர் ஒருவர் முன்னர் ஆர்.எஸ்.எஸ்., ஜனசங்க நடவடிக்கைகளில் ஈடுபட்டவர் என்ற காவல் துறை அறிக்கையின்பேரில் பணியிழந்தார். 1983-இல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி சின்னப்ப ரெட்டி, ஒருவரின் பழைய அரசியல் சார்பைத் துருவி வேலை மறுப்பது அரசியலமைப்புக்கு ஒவ்வாதது என்று தீர்ப்பளித்தார். அவ்வாசிரியரின் கொள்கையை ஏற்போரும் இந்த அவையில் இருக்கலாம், ஏற்காதோரும் இருக்கலாம். அவருக்குக் காக்கப்பட்ட உரிமை, நாளை அம்பேத்கர் மன்றத்தில் உறுப்பினராக இருந்த நம் பிள்ளைக்கும் பயன்படும்.

கடல் கடந்தும் இதே கதைதான். அமெரிக்காவில் கறுப்பின மக்களின் உரிமைக்கு அறவழியில் போராடிய மார்ட்டின் லூதர் கிங்கின் பேச்சை அந்நாட்டு எஃப்.பி.ஐ. ஒட்டுக்கேட்டது, அவரை மனமுடையச் செய்யும் நோக்கோடு 1964-இல் பெயரில்லாக் கடிதமும் அனுப்பிற்று. 1975-இல் அமைந்த செனட் சபையின் விசாரணைக் குழு, செனட்டர் பிராங்க் சர்ச் தலைமையில், இவற்றையெல்லாம் வெளிக்கொணர்ந்தது. 1972-இல் பம்பாயில் எழுந்த தலித் சிறுத்தைகள் தம் பெயரை அந்நாட்டுக் கருஞ்சிறுத்தைகளிடமிருந்தே பெற்றனர். அவர்களின் போராட்டத்திலிருந்து பெயரைக் கற்ற நாம், அவர்கள் பெற்ற பாதுகாப்பையும் கற்கவேண்டும்.

பாதுகாப்பு வேண்டாமா?

“உளவு இல்லாமல் நாடு வாழுமா? இவ்வாறு கேட்பது நாட்டுப் பற்றுக்கு மாறாகாதா?” என்று வினவுவோர் உண்டு. இவ்வினாவை ஒதுக்கிவிட முடியாது. நம் ஆரணிக் கோட்டையைச் சூழ்ந்து 1751-இலும் 1782-இலும் போர்கள் நடந்தன. 1991 மே 21-இல் நமக்கு அண்மையிலுள்ள ஸ்ரீபெரும்புதூரில் முன்னாள் பிரதமர் ராஜீவ் காந்தி கொல்லப்பட்டார். 1998-இல் கோவையில் குண்டுகள் வெடித்தன. 2008-இல் மும்பை தாக்கப்பட்டது. மாண்டவருள் பெரும்பாலோர் வழிப்போக்கரும் தொழிலாளருமாகிய எளிய மக்கள். ஆதலின் உளவு வேண்டும்; அது திறமையாகவும் இருக்கவேண்டும்.

திறமை வளர்வதற்கே மேற்பார்வை தேவைப்படுகின்றது. 1999-இல் கார்கில் போருக்குப் பின் கே. சுப்பிரமணியம் தலைமையில் அமைந்த ஆய்வுக் குழு உளவுத் துறையின் குறைகளை எடுத்துக்காட்டிற்று. போர் வந்து, வீரர் மாண்ட பின்னரே குறை தெரிந்தது. ஆண்டுதோறும் கேட்பவர் இருந்திருப்பின் முன்னரே தெரிந்திருக்கலாம். வள்ளுவர் ‘ஒற்றாடல்’ என்று ஓர் அதிகாரமே வகுத்தார். ஒற்றன் அரசனுக்குக் கண் என்றவர், ஒருவன் கொணர்ந்த செய்தியை வேறொருவனைக் கொண்டு சோதிக்கவும் சொன்னார். ஒற்றையே நம்பிவிடாதே என்பது நம் முன்னோர் அரசர்க்குக் கூறிய அறிவுரை. இன்று அரசர் இடத்தில் மக்கள் இருக்கின்றனர்.

பிரிட்டனில் எம்.ஐ.5 என்னும் உளவு அமைப்பு 1909 முதல் எண்பது ஆண்டுகள் சட்டமின்றியே இயங்கிற்று. 1989-இல் அதற்குச் சட்டம் வந்தது. 1994-இல் நாடாளுமன்ற உறுப்பினர் அடங்கிய மேற்பார்வைக் குழு வந்தது. அந்நாட்டுத் தணிக்கையாளரும் கணக்கைப் பார்க்கின்றார். கனடா 1984-இலேயே சட்டம் செய்தது. அமெரிக்காவில் 2007 முதல் உளவுக்கான மொத்தத் தொகையேனும் வெளியிடப்படுகின்றது. இதனால் அந்நாடுகளின் காவல் குலைந்துவிடவில்லை.

இங்கே நடந்த முயற்சிகள்

நெருக்கடி நிலைக் காலத்தில் அதிகாரம் தவறாகப் பயன்பட்ட முறையை 1977-இல் அமைந்த ஷா விசாரணைக் குழு ஆராய்ந்தது. உளவுப் பணியகத்தையும் சி.பி.ஐ.யையும் ஆராய அமைந்த எல்.பி. சிங் குழுவின் அறிக்கை மக்கள் கைக்கு வரவில்லை. 2010-இல் அப்போதைய குடியரசுத் துணைத் தலைவர் ஹமீத் அன்சாரி, உளவு அமைப்புகளை நாடாளுமன்றக் குழு மேற்பார்க்கவேண்டும் என்று வெளிப்படையாகப் பேசினார். 2011-இல் மணீஷ் திவாரி மக்களவையில் தனி உறுப்பினர் மசோதா கொண்டுவந்தார், அது சட்டமாகவில்லை. இக்கோரிக்கையோடு உச்ச நீதிமன்றம் சென்ற பொதுநல மனு 2016-இல் தள்ளுபடியாயிற்று. 2017-இல் தனிமறைவு அடிப்படை உரிமை என்று ஒன்பது நீதிபதிகள் தீர்த்தனர். அடுத்த ஆண்டு நீதிபதி ஸ்ரீகிருஷ்ணா குழு, உளவு அமைப்புகளுக்குச் சட்டமும் மேற்பார்வையும் இல்லாமையைச் சுட்டிக்காட்டிற்று. ஆயினும் 2023-ஆம் ஆண்டுத் தரவுப் பாதுகாப்புச் சட்டம், அரசு அறிவிக்கும் அமைப்புகளுக்கு விலக்களித்தே பிறந்தது.

2021-இல் பெகாசஸ் என்னும் கைப்பேசி உளவு மென்பொருள் பற்றிய செய்தி வந்தபோது, நாட்டுப் பாதுகாப்பு என்ற சொல்லை உச்சரித்தமையாலேயே அரசு கேள்வியினின்று தப்ப இயலாது என்று உச்ச நீதிமன்றம் கூறி, வல்லுநர் குழு அமைத்தது. குழு ஆய்ந்த 29 கைப்பேசிகளுள் ஐந்தில் தீய மென்பொருள் இருந்தது. அது பெகாசஸ்தான் என்று உறுதியாகவில்லை. அரசு ஒத்துழைக்கவில்லை என்று குழு தெரிவித்ததாக 2022 ஆகஸ்டில் தலைமை நீதிபதி இரமணா அவையில் கூறினார்.

சட்டத்தால் பிறந்த அமைப்பாயின் நீதிமன்றத்தின் கதவேனும் திறந்திருக்கும். தேசியப் புலனாய்வு முகமை 2008-ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிறந்தது. அது ஏற்று விசாரித்த வழக்கில், அண்ணலின் பேத்தியை மணந்த அறிஞர் ஆனந்த் டெல்டும்டே 2020-ஆம் ஆண்டு அம்பேத்கர் பிறந்த நாளன்று சிறை புகுந்தார். பயங்கரவாதச் செயல் புரிந்தார் என்பதற்கு முதல்நோக்கில் சான்றில்லை என்று பம்பாய் உயர் நீதிமன்றம் 2022 நவம்பரில் பிணை வழங்கும்வரை 31 மாதங்கள் கழிந்தன. வழக்கின் முடிவைக் கூறுவது நம் வேலையன்று. சட்டம் இருந்தும் நீதிக்கு இத்துணைக் காலம் வேண்டியிருந்தது. சட்டமே இல்லாத இடத்தில் ஏழைப் பிள்ளை யாரிடம் போய் முறையிடுவான்?

நாம் செய்யத்தக்கவை

இளைஞர்களே! முதலாவதாக, வரவு செலவுத் திட்டத்தைப் படிக்கப் பழகுங்கள். ஆண்டுதோறும் பிப்ரவரியில் அது வெளிவருகின்றது. நம் சங்கப் படிப்பகத்தில் ஒரு மாலை உட்கார்ந்து, நமக்குரிய துணைத் திட்டத்திற்கு எவ்வளவு, காவலுக்கு எவ்வளவு என்று ஏட்டில் எழுதி வையுங்கள். பெருந்தொகைகள் நாடாளுமன்றத்தில் விவாதமின்றியே ‘கில்லட்டின்’ முறையில் நிறைவேறுவதையும் காண்பீர்கள்.

இரண்டாவதாக, 2009-ஆம் ஆண்டுத் தேர்தல் முதல் ஆரணி ஒரு மக்களவைத் தொகுதி. நம் உறுப்பினர் எக்கட்சியினராயினும், மூன்று கோரிக்கைகளை எழுதி அவர் கையில் கொடுப்போம். உளவு அமைப்புகள் ஒவ்வொன்றுக்கும் அதிகார எல்லையை வகுக்கும் சட்டம் வேண்டும். இரகசியம் காக்க உறுதி ஏற்ற உறுப்பினர் அடங்கிய நாடாளுமன்றக் குழு வேண்டும். அதில் எதிர்க்கட்சியினரும் இருக்கவேண்டும். இரகசியச் செலவைத் தலைமைக் கணக்குத் தணிக்கையாளரின் தேர்ந்த அதிகாரிகள் சிலரேனும் நேரில் பார்க்கவேண்டும். ஒற்றர் பெயரையோ அவர் செல்லும் ஊரையோ நாம் கேட்கவில்லை. பணம் உரிய வழியில் சென்றதென்று வெளியார் ஒருவர் உறுதி கூறுவதையே கேட்கின்றோம்.

மூன்றாவதாக, வேலைக்கான காவல் துறை விசாரணையில் அநீதி நேர்ந்தால் அஞ்சி வீட்டில் அமர்ந்துவிடாதீர்கள். எழுத்தில் காரணம் கேளுங்கள். மேற்கண்ட தீர்ப்புகளை வழக்கறிஞரிடம் எடுத்துக்கூறுங்கள். பதிவேட்டில் காரணமின்றி எவர் பெயரேனும் இருப்பின், அதனை நீக்கக் கோரும் மனுவைச் சங்கத்தின் துணையோடு எழுதுங்கள்.

நான்காவதாக, கணக்குப் படியுங்கள். மருத்துவரும் பொறியாளரும் ஆகவேண்டும் என்று நாம் பிள்ளைகளிடம் கூறுகின்றோம்; நன்று. இந்தியத் தணிக்கை மற்றும் கணக்குப் பணியிலும் நம் பிள்ளைகள் சேரட்டும். நாட்டின் பணத்தை எண்ணிப் பார்க்கும் மேசையில் நம்மவரும் அமரவேண்டும் என்பது, அந்தப் பதவியை அத்துணை உயர்வாக மதித்த அண்ணலுக்கு நாம் செய்யும் மரியாதையாகும்.

நம் சங்கத்தின் கணக்கேடுகள் அலுவலக அலமாரியில் இருக்கின்றன. எந்த உறுப்பினரும் கேட்டுப் பார்க்கலாம் என்பது நம் விதி. அவ்விதியே உறுப்பினரின் நம்பிக்கையைக் காத்து இச்சங்கத்தை இருபத்தைந்து ஆண்டுகள் வாழவைத்தது. அதே விதியை நாட்டின் காவலுக்கும் கேட்போமாக.